அவிச்ச மருந்தும் மருதாயி அக்காவும்

மருதாயி அக்கா தவறிவிட்ட செய்தி காலையில் ஈப்போ பக்கத்து ஜெலாப்பாங்கிலிருந்து போனில் வந்தது. பேசியது அவருடைய மகன் சேகர். அழுதுகொண்டேதான் பேசினான், ஆனால் முதலில் ஒரு கேள்வி கேட்டான்.

"மாமா, பேப்பர்ல போடணும். அம்மாவுக்கு என்னா வயசுன்னு யாருக்கும் தெரியலலா. ஐசி கார்டுல இருக்கிற வயசு பொய்யின்னு அம்மாவே சொல்லும். உங்களுக்குத்தான் எல்லாம் ஞாபகம் இருக்குமே."

எனக்கு எழுத்து தெரியாது. ஒரு வருடத்தை, அதில் என்ன நடந்தது என்பதைக் கொண்டுதான் பிடித்து வைத்திருக்கிறேன். ஜப்பான்காரன் ஊரைவிட்டுப் போனபோது தனக்கு முன்பல் விழுந்திருந்தது என்று அக்கா சொல்லியிருக்கிறார். "அதிலிருந்து எண்ணிக்கோ" என்றேன். சேகர் எண்ணிப் பார்த்துவிட்டு, "அலாமாக், அவ்வளவு வயசா!" என்றான். அழுதுகொண்டிருந்தவன் சிரித்துவிட்டான். மருதாயி அக்காவின் சாவுச் செய்தியும் சிரிப்பில்தான் முடிந்தது. அவர் கேட்டிருந்தால் சந்தோஷப்பட்டிருப்பார்.

அக்காவை அறியாதவர்களுக்காக ஒரு வருடத்தைப் பற்றிச் சொல்லியாக வேண்டும். கோலாலம்பூரில் உலகக் குத்துச்சண்டை நடந்து இரண்டு வருடம் ஆகியிருந்தது. கலர் டிவி இன்னும் வரவில்லை. எங்கள் தோட்டத்தில் ஆற்றுப் பக்கத்து ரப்பர் மரங்களைச் சாய்த்துவிட்டு செம்பனை நட்டுக்கொண்டிருந்தார்கள். என் இளைய மகள் செல்வி அப்போது தவழ்கிற பிள்ளை. நான் சொல்லச் சொல்ல இதை எழுதுகிறவள் அவள்தான்.

பத்து காஜா டவுனிலிருந்து சடக்கோடு, அதாவது தார் ரோட்டோடு, வந்தால் ஒன்பதாவது மைல் கல்லில் எங்கள் தோட்டம். அதனால் ஒன்பதாங்கட்டை என்று பெயர். தாய்மார்கள் விடியுமுன் பால் மரம் வெட்டப் போகும்போது கைக்குழந்தைகளை ஆயக்கொட்டகையில் விட்டுப் போவார்கள். அந்தக் கொட்டகையின் ஆயா மருதாயி அக்கா. எங்கள் வரிசை வீடுகளான லயத்தின் வாய்க்கால்களையும் கக்கூசுகளையும் கழுவுவது என் வேலை. கொட்டகைக்கு விறகும் தண்ணீரும் கொண்டுவந்து போடுவதும் நான்தான். ஆகவே அக்காவுக்கு நான் அடுத்த வீட்டுக்காரன், கூட வேலை செய்தவன், திட்டு வாங்குகிறவன், எல்லாமும்.

அவருக்கு மேளக்காரக் குரல். தாலாட்டு பாடினால் தூங்குகிற பிள்ளையும் விழித்துக்கொள்ளும். ஒரு பிள்ளையை இடுப்பில் வைத்து, ஒன்றைத் தூளியில் ஆட்டி, ஒன்றைக் காலால் தடுத்து, அதே சமயம் என்னையும் திட்டுவார். குழந்தைகளின் விஷயத்தில் அவருக்கு ஒரே ஒரு பயம். குளிர்ச்சி. குளிக்கிற தண்ணீர், குடிக்கிற தண்ணீர், பால் எல்லாம் சூடாக இருக்க வேண்டும். வாழைப்பழத்தைக்கூட வெயிலில் வைத்தெடுத்துத்தான் ஊட்டுவார். ஐஸ் விற்கிற சைக்கிள்காரர் கொட்டகைப் பக்கம் மணி அடித்தால் துடைப்பத்தோடு வெளியே வருவார்.

அதற்குக் காரணம் என் மூத்த மகன் கோபால். குடியுரிமை இல்லாத சிவப்பு அடையாள அட்டைக்காரர்களிடம் வேலை பெர்மிட் கேட்ட காலத்தில் அவன் நடை பழகிய பிள்ளை. காய்ச்சல் வந்தது, சாதாரணக் காய்ச்சல் என்று நினைத்தோம். காய்ச்சல் இறங்கியபோது வலது கால் துவண்டு கிடந்தது. போலியோ என்றார்கள் ஆஸ்பத்திரியில். எங்களுக்கு அது ஒரு பெயர், அவ்வளவுதான். காய்ச்சலுக்கு முன்னால் மழை நாளில் என் மனைவி அஞ்சலை அவனை ஆற்றில் குளிப்பாட்டியிருந்தாள். "குளுந்த தண்ணிதான்டி காலைப் புடுங்கிட்டுப் போச்சு" என்றார் அக்கா. அதன் பிறகு அஞ்சலை ஆற்றுப் பக்கம் போகவே இல்லை. கோபாலுக்கு இரும்புச் சட்டம் மாட்டி நடை வரும்வரை அவனை இடுப்பில் தூக்கித் திரிந்தவரும் அக்காதான்.

நான் சொல்கிற வருடத்தில் போலியோவைத் தடுக்கிற சொட்டு மருந்து எங்கள் தோட்டத்துக்கு வந்தது. கொண்டு வந்தவர் மிஸ்ஸி பரமேஸ்வரி. ஈப்போவில் இருந்த யாழ்ப்பாணத்துக் குடும்பம், அரசாங்கக் கிளினிக்கில் நர்ஸ். நர்ஸ் என்றால் எங்களுக்கு மிஸ்ஸிதான். அவர் வேனிலிருந்து இறங்கி, மருந்துப் பெட்டியைக் கொட்டகை மேசையில் வைத்த நேரம், கடைசி லயத்தில் பிள்ளை பெற்றவளுக்கு மயக்கம் என்று ஆள் ஓடி வந்தது. மிஸ்ஸி அப்படியே அங்கே போனார்.

அக்கா பெட்டியைத் திறந்து பார்த்தார். உள்ளே ஐஸ் கட்டி. அதன் மேல் சின்னச் சின்னப் போத்தல்கள்.

"தம்பி ரெங்கா, இங்க வா. பசார்ல மீனு வெச்ச மாதிரி வெச்சிருக்காங்க பாரு. இதையா பச்சப்புள்ள வாயில ஊத்துவாங்க?"

"மிஸ்ஸிக்குத் தெரியாதாக்கா?"

"படிச்சவங்க பாவம், புள்ள வளத்ததில்ல. கோபாலு காலை வாங்கினதே குளுந்த தண்ணி. அந்த நோவுக்கே ஐஸ்ல வெச்ச மருந்தா?"

பால் புட்டிகளை அவித்த சுடுதண்ணீர் அடுப்பில் இருந்தது. போத்தல்களை அதில் போட்டார். சோறு கிண்டுகிற மாதிரி அகப்பையால் அசைத்துக் கொடுத்தார். கொட்டகையைக் கூட்டி முடித்தபிறகு ஒன்றை எடுத்து மணிக்கட்டில் வைத்துப் பார்த்தார். திருப்தி. துடைத்து மறுபடியும் ஐஸ் மேல் வைத்துப் பெட்டியை மூடினார். எனக்கும் அது நியாயமாகத்தான் பட்டது.

மிஸ்ஸி வந்தார். பிள்ளைகளுக்கெல்லாம் சொட்டு விட்டார், செல்விக்கும் விட்டார். ஒரு பிள்ளைகூட முகம் சுளிக்கவில்லை. மிஸ்ஸி கையைக் கழுவிக்கொண்டிருந்தபோது அக்கா சிரித்த முகத்தோடு பக்கத்தில் போய் நின்றார்.

"பாத்தீங்களா மிஸ்ஸி, ஒண்ணாச்சும் இருமுச்சா? நான்தான் சூடு காட்டி வெச்சேன்."

"எதை அக்கா?"

"மருந்தைத்தான். நீங்க ஐஸ்ல மறந்து வெச்சிட்டுப் போய்ட்டீங்க."

மிஸ்ஸி அங்கே கிடந்த பிள்ளைகள் முக்காலியில் மெல்ல உட்கார்ந்தார். முழங்கால் இரண்டும் தாடைக்கு வந்துவிட்டது. அழப்போகிறார் என்று நினைத்தேன். சிரிக்க ஆரம்பித்தார். கண்ணில் தண்ணீர் வருமட்டும் சிரித்துவிட்டு, "அக்கா, என்ன வேலை செய்துபோட்டீங்கள்! எல்லாத்தையும் கொண்டுபோட்டீங்களே!" என்றார்.

"அய்யோ, யாரைக் கொன்னேன்?"

"மருந்தை! இதுக்குள்ள இருக்கிறது உயிருள்ள கிருமி. போலியோக் கிருமியைத்தான் அடக்கிப் பழக்கி வெச்சிருக்கு. அது நோயைத் தராது. பிள்ளையின்ர வயித்துக்குள்ள போய், நிசக் கிருமி வந்தா எப்பிடி அடிக்கிறதெண்டு உடம்புக்குச் சொல்லிக் குடுக்கும். குளிருக்குள்ள இருந்தாத்தான் உயிரோட இருக்கும். சூடு பட்டாச் செத்துப்போயிடும். நான் குடுத்தது வெறும் தண்ணி."

அக்காவின் முகம் மாறியது. "அப்ப கோபாலு காலு குளிர்ல போகலையா?"

"குளிருக்கும் அதுக்கும் ஒரு சம்பந்தமும் இல்லை. அந்தக் கிருமி ஒரு பிள்ளையின்ர மலத்தோட வெளியால வரும். கையில, ஈயில, தண்ணியில ஒட்டி இன்னொரு பிள்ளையின்ர வாய்க்குள்ள போகும். முக்கால்வாசிப் பிள்ளையளுக்கு ஒண்டும் தெரியாது, சும்மா காய்ச்சல். எங்கேயோ ஒரு பிள்ளைக்குத்தான் நரம்புக்குள்ள போய்க் காலை எடுக்கும். எடுத்த பிறகு அதைத் திருப்பித் தர மருந்து இல்லை. அதாலதான் முன்னமே குடுக்கிறம். இவன் கோபால் எங்க, எந்தக் கையால வாங்கினான் எண்டு ஆராலும் சொல்லேலாது."

அக்கா முந்தானையை இழுத்துச் செருகிக்கொண்டு கொட்டகையை விட்டு இறங்கினார். அஞ்சலை அப்போதுதான் பால் வாளியை ஸ்டோரில் போட்டுவிட்டு வந்துகொண்டிருந்தாள். அக்கா அவள் கையைப் பிடித்து நிறுத்தினார்.

"ஏய் அஞ்சல, நீ குளிப்பாட்டினதுல போகலடி. குளுந்த தண்ணிக்கும் காலுக்கும் சம்பந்தமே இல்லையாம். மிஸ்ஸி சொல்றாங்க. நான்தான் தெரியாம இத்தனை வருஷம் உன்னைப் பேசிட்டேன்."

"இப்பவாச்சும் வாயை மூடினியே" என்றாள் அஞ்சலை. பிறகு இரண்டு பேரும் லயத்து நடுவில் கட்டிக்கொண்டு அழுதார்கள், சிரித்தார்கள். எது எப்போது என்று எனக்குப் பிரித்துச் சொல்லத் தெரியவில்லை. அன்று சாயந்திரம் என் மனைவி பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு ஆற்றங்கரைவரை போய் உட்கார்ந்துவிட்டு வந்தாள்.

சந்தோஷம் ஒரு பக்கம், அவசரம் ஒரு பக்கம். பக்கத்துத் தோட்டத்தில் ஒரு பிள்ளைக்குப் போலியோவில் கால் விழுந்துவிட்டது என்று மிஸ்ஸி சொல்லியிருந்தார். அந்த ஆறுதான் எங்களுக்கும் ஆறு. நோய் எங்கள் லயத்துக்கு வருவதற்குள் பிள்ளைகளுக்கு உயிருள்ள மருந்து போயாக வேண்டும். அடுத்த வாரம் மறுபடியும் கொண்டுவருவதாக மிஸ்ஸி சொன்னார். போகும்போது அக்காவைத் தனியாகக் கூப்பிட்டார்.

"இது எப்பிடியும் மூண்டு தரம் குடுக்கிற மருந்து. அடுத்த சொட்டு எண்டு சொல்லியே குடுத்துடுறன். நான் கூடுதலா ஒருக்கா வந்திட்டுப் போறன். நீங்கள் ஒருத்தருக்கும் சொல்லவேண்டாம். உங்கட வேலைக்கும் பிரச்சினை வராது."

அக்கா தலையை ஆட்டினார். "வேணாம் மிஸ்ஸி. இந்தப் பொம்பளைங்களை எனக்குத் தெரியும். ஒரு தடவை குடுத்தாச்சுல, அது போதும்னு புள்ளைய ஒளிச்சு வெச்சுக்குவாளுங்க. உள்ளது சொன்னாத்தான் வருவாளுங்க."

மறுநாள் காலை பெரட்டு. வேலைக்குப் போகுமுன் ஆட்கள் எல்லோரும் வரிசையாக நின்று பெயர் கொடுக்கிற இடம். தோட்டத்து ஆபீஸ் கணக்கர் பெரிய கிராணி ஐயா பெயர் கூப்பிட்டு முடித்தார். அக்கா நடுவில் வந்து நின்றார். அக்காவுக்கு வேலை போய்விடும் என்றுதான் நினைத்தேன். அவருக்கு அந்த வேலையை விட்டால் வேறு கதி இல்லை. புருஷன் இல்லாதவர், சேகர் அப்போது பள்ளிக்கூடப் பிள்ளை.

"எல்லாரும் கேட்டுக்குங்க! நேத்து உங்க புள்ளைங்களுக்குக் குடுத்த மருந்து செத்த மருந்து. மிஸ்ஸி நல்லாத்தான் கொண்டாந்தாங்க. நான்தான் சுடுதண்ணியில போட்டு அவிச்சுப்புட்டேன். விறகு கொண்டாந்தது ரெங்கசாமி!"

எல்லோரும் என்னைத் திரும்பிப் பார்த்தார்கள். ஓர் ஆள் கோபமாகக் கத்தினார். "அவிச்சா என்னா? மருந்து மருந்துதானே?"

"ஏன் மச்சான், வீட்டுல கோழி அடை வெக்கிறீங்களே, அவிச்ச முட்டைய வெச்சுப் பாருங்களேன். குஞ்சு பொரிக்குதான்னு பாப்போம்!"

கூட்டம் சிரித்து உருண்டது. மிஸ்ஸி மணிக்கணக்காக விளக்கினாலும் அப்படிப் புரிந்திருக்காது. கிராணி ஐயா கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார். சிரிப்பை மறைக்கத்தான். "சரி சரி, வேலைக்குப் போங்க. மருதாயி, அடுத்த தடவை நீ அடுப்பே பத்த வைக்கக் கூடாது" என்று சொல்லிவிட்டு ஆபீசுக்குள் போய்விட்டார். வேலை போகவில்லை. ஆனால் 'அவிச்ச ஆயா' என்ற பெயர் அன்றைக்கே ஒட்டிக்கொண்டது. கூப்பிட்டால் "என்னாலா?" என்று தைரியமாகத் திரும்பிப் பார்ப்பார்.

மிஸ்ஸி வருவதாகச் சொன்ன நாள் மாரியம்மன் கோயில் திருவிழாவில் விழுந்தது. காப்புக் கட்டியாகிவிட்டது. வேலையாட்களை மேற்பார்க்கிற மண்டோரின் மனைவி பச்சையம்மா, "காப்பு இருக்கறப்ப மருந்து குடுத்தா ஆத்தாவுக்குக் கோவம் வரும்" என்று தன் பேரனைத் தரமாட்டேன் என்றார். அவர் சொன்னால் பாதி லயம் கேட்கும். அக்கா சண்டை போடவில்லை.

"சரி பெரியம்மா, கொட்டகையில குடுக்கல. ஆத்தா முன்னாலயே குடுக்குறோம். வேணாம்னா ஆத்தா சொல்லட்டும், பெட்டியத் தூக்கிட்டுப் போயிடுறோம்."

அப்படித்தான் கோயில் வாசலில் மருந்துப் பெட்டி வந்து உட்கார்ந்தது. வெயில் கொளுத்தியது. வேன் வழியில் பழுதாகி நின்று வந்ததால் ஐஸ் கரைந்துகொண்டிருந்தது. அக்கா பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டுச் சுற்றிலும் கண்ணை ஓட்டினார். திருவிழாக் கடைகளுக்கு நடுவில் அந்த ஐஸ் சைக்கிள்காரர் நின்றிருந்தார். அக்கா வருவதைப் பார்த்ததும் துடைப்பம் வருகிறது என்று நினைத்து சைக்கிளைத் தள்ளிக்கொண்டு நகர ஆரம்பித்தார்.

"தம்பி, ஓடாத, துங்கு, நில்லு! உன்கிட்ட உள்ள ஐஸை எல்லாம் எனக்குக் குடு!"

"என்னா ஆயா, எனக்கே அவிச்சுக் காட்டப்போறீங்களா?"

தோட்டம் முழுக்கச் சிரித்தது. அவர் துருவி வைத்திருந்த ஐஸோடு, கட்டியாக இருந்ததையும் பெட்டிக்குள் கொட்டினார். இவ்வளவு நாள் அக்கா விரட்டி விரட்டி அடித்த ஐஸ், அன்று எங்கள் பிள்ளைகளுக்குக் காவல் இருந்தது. மிஸ்ஸி மருந்து எடுக்கும்போதெல்லாம் போத்தலை முதலில் அக்கா வாங்கித் தன் கன்னத்தில் வைத்துப் பார்ப்பார். "ஜில்லுன்னு இருக்கு, ஊத்துங்க!" என்பார். உருமிக்காரருக்கு என்ன தோன்றியதோ, முதல் பிள்ளையின் வாயில் சொட்டு விழுந்ததும் ஓர் அடி அடித்தார். அதற்கப்புறம் ஒவ்வொரு பிள்ளைக்கும் ஓர் அடி. செல்விக்கு விழுந்த அடியில் அவள் அலறிவிட்டாள். சொட்டு உள்ளே போய்விட்டது.

பச்சையம்மா கடைசிவரைக்கும் தள்ளி நின்று பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு பேரனைத் தூக்கிக்கொண்டு வந்து, மிஸ்ஸியிடம் கொடுக்காமல் அக்காவிடம் நீட்டினார். "மேளம் சும்மாதானே அடிக்கிறான். இவனுக்கும் அடிக்கட்டும்" என்றார். உருமி அந்தப் பிள்ளைக்கு மட்டும் ஒரு பாட்டே வாசித்தது.

அந்த வருடம் பக்கத்தில் இன்னும் சில இடங்களில் கால் விழுந்த செய்தி கேட்டோம். எங்கள் லயத்துக்கும் காய்ச்சல் வந்து போனது. காய்ச்சல் கண்ட பிள்ளையையெல்லாம் அக்கா கட்டிலிலிருந்து இறக்கி, "நட பாப்போம், ஓடு பாப்போம்" என்று விரட்டிப் பார்ப்பார். மிஸ்ஸிதான் வந்து, "காய்ச்சலோட பிள்ளையை ஓட விடாதேங்கோ, படுக்க விடுங்கோ" என்று அவரைத் திட்டினார். ஒரு பிள்ளைக்கும் கால் விழவில்லை. மீதிச் சொட்டுகளுக்கும் எல்லோரையும் அவரே இழுத்து வந்தார். மிஸ்ஸி சொன்னபடி ஆற்றோரத்துக் கக்கூசை நான் மேட்டுக்கு மாற்றினேன். கொட்டகை வாசலில் சவுக்காரக் கட்டியைக் கயிற்றில் கட்டித் தொங்கவிட்டார் அக்கா. கை கழுவாமல் உள்ளே கால் வைத்தால் கிராணி ஐயாவானாலும் விடமாட்டார்.

சில வருடங்களில் மிச்ச ரப்பர் மரங்களும் போயின, ஆட்களும் கலைந்தார்கள். சேகருக்கு ஜெலாப்பாங் தொழிற்சாலையில் வேலை கிடைத்தது. அக்காவும் போனார். பழக்கம் போகவில்லை. ஒரு தடவை ஈப்போ பஸ் ஸ்டாண்டில் நானும் கூட இருந்தேன். கைக்குழந்தையோடு நின்ற மலாய்க்காரப் பெண்ணிடம் போய், "அடே, அனாக் சூடா மினும் ஊபாட் போலியோ?" என்று மலாயில் மருந்து விசாரித்தார். அந்தப் பெண் பயந்து, பிறகு சிரித்து, குடித்தாகிவிட்டது என்று மூன்று விரலைக் காட்டிச் சொன்னாள். அக்காவுக்கு அது போதவில்லை. "டிங்கின்? சிஜூக்?" என்று கன்னத்தைத் தொட்டுக் காட்டினார். மருந்து குளிர்ச்சியாக இருந்ததா என்று விசாரிக்கிறாராம்.

அவர் மட்டும் கடைசிவரை கொதிக்கக் கொதிக்கத் தேநீர்தான் குடித்தார். துருவிய ஐஸில் செய்கிற ஐஸ் கச்சாங் வாங்கித் தரவா என்று கோபால் கேட்பான். ஈப்போவில் அவனுக்குச் சொந்தமாகக் கடிகாரக் கடை இருக்கிறது. "போடா, எனக்குள்ள இருக்கிற கிருமி எல்லாம் அவிஞ்சு கிடக்கட்டும்" என்பார். என்னிடம் ஒரு தடவை, "தம்பி, நான் செத்தா ஐஸ் பெட்டியில மட்டும் போடாதீங்க" என்று சொல்லியிருந்தார்.

போட்டுவிட்டார்கள். பேத்தி ஆஸ்திரேலியாவிலிருந்து வரவேண்டியிருந்தது. நான் பக்கத்தில் போய் நின்றேன். கண்ணாடியைத் திறந்தபோது கையை நீட்டி அவர் கன்னத்தில் வைத்தேன். ஜில்லென்று இருந்தது. சரியாக இருக்கிறது அக்கா என்று சொன்னேன். பக்கத்தில் நின்ற கோபாலுக்குப் புரிந்துவிட்டது. இரும்புச் சட்டத்தில் கையை ஊன்றிக்கொண்டு சிரித்தான், அழுதான்.

எடுக்கும் நேரம் வந்தது. தூக்க முன்னால் வந்தவர்கள் எல்லாரும் கொட்டகைப் பிள்ளைகள். பச்சையம்மாவின் பேரன் இப்போது தலை நரைத்த லாரி டிரைவர், அவன் முன்னால் பிடித்தான். இந்தச் செல்வி, பெண்கள் தோள் கொடுக்கக் கூடாது என்று யாரோ சொன்னதைக் காதில் வாங்காமல் பின்னால் பிடித்தாள். நான் முகங்களைப் பார்க்கவில்லை. குனிந்து கால்களைப் பார்த்தேன். பருத்த கால், மெலிந்த கால், செருப்புப் போட்டது, போடாதது. எல்லாம் ஒரே நடையாகப் படி இறங்கி, வாசல் தாண்டி, சடக்குக்குப் போயின. போய் வாங்க அக்கா. நீங்கள் அவிச்சு ஒரு தடவை, ஜில்லென்று ஒரு தடவை ஊட்டிய பிள்ளைகள்தான் தூக்குகிறார்கள், எதிலும் தடுக்காது.

அன்று கோயில் வாசலில் மருந்துப் பெட்டியைச் சுற்றி நின்ற பெரியவர்கள் எத்தனையோ பேர். மிஸ்ஸி பரமேஸ்வரி முன்பே போய்விட்டார். கிராணி ஐயா, பச்சையம்மா, உருமிக்காரர், ஐஸ்காரர், என் அஞ்சலை, இப்போது மருதாயி அக்கா. பிள்ளைகள் அத்தனை பேரும் இருக்கிறார்கள், நடக்கிறார்கள். பெரியவர்களில் மிச்சம் ஒருவன். விறகு கொண்டுவந்த ரெங்கசாமி.